சித்திரைக்கு வைக்காத வெடி

மச்சான்,

இன்று காற்று கண்மாய்ப் பக்கமிருந்து அடிக்கிறது. கார்த்திகை பிறந்து பத்து நாள் ஆகிறது. காற்றில் ஈர மண் வாசம் இருக்கிறது, கொஞ்சம் கோரைப்புல் வாசம் இருக்கிறது, வேறு ஒன்றும் இல்லை. வெளியூர்க்காரர் யாராவது இந்தப் பக்கம் வந்தால் நல்ல காற்று என்று சொல்லிவிட்டுப் போவார். நான் ஜன்னலைச் சாத்திவிட்டு எழுதுகிறேன்.

கார்த்திகையில் நம் ஊர் எப்படி நாறும் என்று உங்களுக்குத் தெரியும். மீன் செதிலும் நத்தை ஓடும் பறவை எச்சமும் ஊறிய நாற்றம். கொடியில் காயப்போட்ட வேட்டியில்கூட அது ஏறியிருக்கும். புதுவயலிலிருந்து என் அக்கா வந்திருந்தபோது, இந்த நாத்தத்துல உங்களுக்கு எப்படிச் சோறு இறங்குது என்று கேட்டாள். நீங்கள் சிரித்துக்கொண்டே, “நாறலைன்னாத்தான் எங்களுக்குச் சோறு இறங்காது தாயி” என்றீர்கள். இரண்டு வருஷமாக அப்படித்தான் இருக்கிறது மச்சான். நாற்றம் இல்லை. சோறும் சரியாக இறங்கவில்லை.

இதை நானே எழுதுகிறேன். உங்களால் நம்ப முடியாது. வைகாசியிலிருந்து நம் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சாயங்காலம் பெரியவர்களுக்கு வகுப்பு நடக்கிறது. எட்டுப் பெண்கள், ஆண் நான் ஒருத்தன். அண்ணன் எங்களைப் பார்த்து எழுதுறாரு டீச்சர் என்று அவர்கள் கோள் சொல்வார்கள். முதல் மாதம் பென்சில் முனை மூன்று நாளைக்கு ஒரு தடவை ஒடிந்தது. நெல் மூட்டை தூக்கிய கைக்குப் பென்சிலை எவ்வளவு மெதுவாகப் பிடிக்க வேண்டும் என்று தெரியவில்லை. இப்போது தெரிகிறது. ஒரு நாளைக்கு ஒரு பக்கம் எழுதுகிறேன். அதற்கு மேல் எழுதினால் விரல் மரத்துப்போகிறது.

சந்தோஷத்தையும் சொல்லிவிடுகிறேன். நாற்பது வருஷம் மில்லில் முதுகில் சுமந்த சாக்கில் என்ன எழுதியிருந்தது என்று இந்த ஆடியில்தான் தெரிந்துகொண்டேன். வீட்டில் கிடந்த பழைய சாக்கை விரித்து வைத்து ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டினேன். “கொக்கி போடாதே” என்று இருந்தது. நாங்கள் அத்தனை பேரும் நாற்பது வருஷமும் கொக்கி போட்டுத்தான் தூக்கினோம். தனியாக உட்கார்ந்து அப்படிச் சிரித்தேன். உங்கள் தங்கை அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போய்விட்டாள். பஸ் ஸ்டாப்பில் நின்றுகொண்டு, வருகிற பஸ்ஸின் போர்டைச் சத்தமாக வாசித்தேன். கண்டனூர் வழி புதுவயல் என்றேன். எனக்கும் தெரியும் பெருசு, ஏறுங்க என்றான் கண்டக்டர். அன்றைக்கு முழுக்க எனக்கு மனசு நிறைந்திருந்தது. வீட்டுக்கு வந்ததும் உங்களிடம் சொல்லக் கிளம்பி, வாசல்படி இறங்கிய பிறகுதான் நீங்கள் இல்லை என்பது நினைவுக்கு வந்தது.

அப்புறம் ஒரு நாள் கண்மாய்க்கரை முனையில் நீங்கள் எழுதி வைத்த பலகையை வாசித்தேன். “பறவைகள் அடைகாக்கும் இடம். வெடி வெடிக்காதீர்.” அதில் என்ன இருக்கிறது என்று பலகை வைத்த நாள் முதலே தெரியும். நீங்கள்தான் வாசித்துச் சொன்னீர்கள். அப்போதெல்லாம் அது ஊருக்குச் சொன்ன பேச்சாக இருந்தது. நானாக எழுத்துக்கூட்டி வாசித்தபோது என் ஒருவனைப் பார்த்துச் சொன்னது போல இருந்தது. அதன் பிறகு அந்த வழியாகப் போவதில்லை. கரைக்கு வயல் வரப்பைச் சுற்றித்தான் போகிறேன்.

உங்கள் தங்கையைக் கட்டிக்கொண்டு நான் இந்த ஊருக்கு வந்து நாற்பத்தெட்டு வருஷம் ஆகிறது. தலை தீபாவளிக்குக் காரைக்குடியில் ஒரு பெட்டி நிறைய வெடி வாங்கி, தலையில் வைத்துக்கொண்டு, மாப்பிள்ளை மிடுக்கோடு வந்தேன். உங்கள் வாசலில் இறக்கி வைத்தபோது தெருவே அமைதியாகிவிட்டது. உங்கள் அம்மா பெட்டியைப் பாம்பைப் பார்ப்பது போலப் பார்த்தார்கள். நீங்கள்தான் வந்து என் தோளில் கை போட்டீர்கள். “மாப்ள, இது சித்திரைக்கு. இப்ப எங்க ஊர்ல விருந்தாளி இருக்காக. புள்ளத்தாச்சிக.” எந்த வீட்டில் பிள்ளைத்தாய்ச்சி என்று நான் கேட்டேன். தெருவில் இருந்த பெண்கள் எல்லாம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

நீங்கள் என்னைக் கரைக்குக் கூட்டிக்கொண்டு போனீர்கள். கண்மாய்க்குள் நிற்கிற கருவேல மரம் ஒவ்வொன்றிலும் முப்பது நாற்பது கூடு. நத்தைகுத்தி நாரை, கொக்கு, நீர்க்காகம், அரிவாள் மூக்கன் என்று நீங்கள் பெயர் சொல்லிக்கொண்டே வந்தீர்கள். எனக்கு இரைச்சல்தான் கேட்டது. ஒரு வெடிச் சத்தம் போதும் மாப்ள, அடையை விட்டு எந்திரிச்சிரும், திரும்ப உக்காராது என்றீர்கள். அதனால் இந்த ஊரில் தீபாவளிக்கு வெடி இல்லை. கல்யாணத்துக்கும் இல்லை, சாவுக்கும் இல்லை. பறவைகள் பங்குனியில் போன பிறகு, சித்திரைத் திருவிழாவில் ஊர் எல்லா வெடியையும் சேர்த்து வெடிக்கும். ஐப்பசிக்கும் பங்குனிக்கும் நடுவில் செத்தவர்களுக்கு ஆளுக்கு ஒரு வெடி, சுடுகாட்டில், அன்றைக்குத்தான் போடுவார்கள். என் தலை தீபாவளி வெடியைச் சித்திரையில் எடுத்தபோது பாதி நமத்துப் போயிருந்தது. புஸ் என்று போனதையெல்லாம் பார்த்து, மாப்பிள்ளை மாதிரியே இருக்கு என்று உங்கள் பங்காளி ஒருவர் சொன்னார். நானும் சிரித்தேன். எனக்கு இந்த ஊர் பிடித்துப்போன நாள் அது.

உங்களுக்குக் கண்மாய் மடை திறந்து மூடுகிற வேலை. எனக்கு மில்லில் ஷிப்ட். ஷிப்ட் முடிந்து சைக்கிளில் வந்ததும் நேரே கரைக்குத்தான் வருவேன். கூட்டில் உட்கார்ந்த பறவை எழுந்து, வெளியே போய் வந்த பறவை உட்காருவதை நீங்கள்தான் காட்டினீர்கள். “உங்க மில்லுல சங்கு ஊதினாத்தான் ஆள் மாறுது. இங்க ஊதாமலே மாறுது பாத்தீகளா?” வருகிற பறவை வெறும் வாயோடு வராது. ஒரு குச்சி, ஒரு புல், ஏதாவது கொண்டுவந்து கொடுத்துவிட்டுத்தான் உட்காரும். அதையும் காட்டிவிட்டு, என் தங்கச்சிக்கு நீங்க என்னத்தக் கொண்டாந்தீக என்று என் காலி டிபன் வாளியைத் தட்டிப் பார்ப்பீர்கள்.

ஒன்றைத் தொட்டு ஒன்று வரும் என்பீர்கள். கருவேலம் மஞ்சளாகப் பூக்கும். பூ கொட்டி முடிகிற நேரத்தில் மழை. மழை விழுந்து எட்டாம் நாள் நத்தை. நத்தை வந்ததும் நாரை. நாரை எச்சம் விழுந்த தண்ணீரை நீங்கள் மடை வழியாக வயலுக்கு விட்டால் பயிர் கறுத்து எழும். அறுப்பு முடிவதும் குஞ்சு பறக்கக் கற்றுக்கொள்வதும் ஒரே வாரம். கண்மாய் வற்றும்போது அவை போகும். நான் மில்லில் புழுக்கிக் களத்தில் கொட்டி மிதித்த நெல்லில் நம் ஊர் நெல்லும் இருக்கும். நீங்க மிதிக்கிறது நாரை போட்ட உரம் மாப்ள என்று சொல்வீர்கள். நாற்பது தடவைக்கு மேல் பார்த்திருப்பேன் மச்சான். ஒவ்வொரு வருஷமும் இந்தத் தடவை தப்பிவிடுமோ என்று பயப்படுவேன். தப்பியதே இல்லை. மழை பிந்திய வருஷத்தில் அவையும் பிந்தி வரும். வராமல் இருந்ததில்லை.

இனி எழுத வேண்டியதை எழுதுகிறேன். இந்த இடத்துக்கு வந்ததும் நோட்டை நான்கு நாள் மூடி வைத்திருந்தேன்.

பத்தொன்பது வருஷத்துக்கு முன்னால், இதே கார்த்திகையில், புதுவயல் ரோட்டில் என் மகன் லாரியில் அடிபட்டுப் போனான். இருபத்து மூன்று வயசு. உங்களுக்கு மருமகன். பிறந்த அன்று நீங்கள்தான் அவனை முதலில் கையில் வாங்கினீர்கள். மில்லில் என்னோடு வேலை பார்த்தவர்கள் பதினைந்து பேர் வந்தார்கள். சாவுக்கு வழக்கமாகச் செய்வது போல ஆளுக்குக் கொஞ்சம் போட்டு வெடி வாங்கி வந்திருந்தார்கள். அவர்களுக்கு நம் ஊர் வழக்கம் தெரியாது. பாடையைத் தூக்கியதும் ஒருவர் திரியைக் கிள்ளினார். நீங்கள் தாய்மாமன் துண்டோடு முன்னால் போய்க்கொண்டிருந்தவர், திரும்பி வந்து இரண்டு கையையும் விரித்து நின்றீர்கள். மரத்தில் முட்டை இருந்தது. என் முகத்தைப் பார்த்துச் சொன்னீர்கள்: “சித்திரையில போடுவோம் மாப்ள. நானே போடுறேன்.”

நான் தலையை ஆட்டினேன். ஊர் வழக்கம் எனக்கும் தெரியும். எத்தனையோ சாவில் உங்கள் பக்கத்தில் நின்று நானும் இதைச் சொல்லியிருக்கிறேன். மில் ஆட்கள் வெடியைப் பையில் போட்டுக்கொண்டார்கள். என் மகன் சத்தமில்லாமல் போனான். சங்கு மட்டும் ஊதியது. மேலே நாரைகள் குச்சி தூக்கிக்கொண்டு போவதும் வருவதுமாக இருந்தன. நான் அண்ணாந்து பார்த்தேன். அவை எதற்கும் நிற்கவில்லை. ஒரு குச்சிகூடக் குறையவில்லை. அன்றுதான் முதல் தடவையாக அவற்றின் மேல் எனக்கு ஆத்திரம் வந்தது. அதை உங்களிடம் சொல்லியிருக்க வேண்டும்.

சித்திரையில் நீங்கள் என் வீட்டுக்கு வந்து கூப்பிட்டீர்கள். வாங்க மாப்ள, நம்ம புள்ளைக்குப் போடணும் என்றீர்கள். நான் கட்டிலை விட்டு எழாமல், நீங்களே போட்டுக்கங்க மச்சான் என்றேன். உங்கள் தங்கைதான் உங்களோடு வந்தாள். வீட்டுக்குள் இருந்தபடி அந்தச் சத்தத்தைக் கேட்டேன். அஞ்சு மாதம் கழித்து வருகிற சத்தம் சாவுச் சத்தமாகவே இல்லை. யாரோ பாறைக்கு வைத்த வெடி போல இருந்தது.

அதன் பிறகு பதினேழு வருஷம் நாம் பேசாமல் இருக்கவில்லை. தினமும் கரையில் உட்கார்ந்தோம். உங்கள் முட்டி வலிக்க ஆரம்பித்த பிறகு நான்தான் கூடு எண்ணப் போனேன். எழுதத் தெரியாததால் கூட்டுக்கு ஒரு புளியங்கொட்டையாகச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்து உங்கள் கட்டிலில் கொட்டுவேன். போன வருஷத்தைவிடக் கூடத்தான் மாப்ள என்று எண்ணி மகிழ்வீர்கள். வெடி கூடாது என்று ஊருக்குச் சொல்வதும் என் வேலையாயிற்று. உங்கள் சொல் என் வாய் வழியாகப் போனது. ஊரும் அப்படியே ஏற்றுக்கொண்டது.

நீங்கள் மார்கழியில் போனீர்கள். கூட்டில் குஞ்சு இருந்த மார்கழி. திருப்பூரிலிருந்து உங்கள் மகன் வந்தான். பனியன் கம்பெனிச் சிநேகிதர்கள் ஒரு வேன் நிறைய வந்தார்கள். சரவெடி வாங்கி வந்திருந்தார்கள். உங்கள் மகனுக்கு வழக்கம் தெரியும். தெரியாதவனில்லை. ஆனால் அப்பனைச் சும்மா தூக்கிக்கொண்டு போக அவனுக்கு மனசு வரவில்லை. சித்திரைக்குத் தனக்கு லீவு கிடைக்காது என்றும் சொன்னான். ஊர்ப் பெரியவர்கள் நான்கு பேர் இருந்தார்கள். அவர்கள் என்னைப் பார்த்தார்கள். அவன் என்னிடம் வந்தான்.

“நீங்க சொல்லுங்க மாமா. நீங்க வேணாம்னா வேணாம்.”

சித்திரை என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அவன் கேட்டிருப்பான். எல்லோரும் கேட்டிருப்பார்கள்.

“போடு” என்றேன்.

உங்களைப் போல ஒரு மனிதரைச் சத்தமில்லாமல் அனுப்பக்கூடாது, அந்தப் பாசத்தில்தான் வாய் தவறிவிட்டது என்று இரண்டு வருஷமாக எனக்கு நானே சொல்லிக்கொண்டு வந்தேன். அது பாசம் இல்லை மச்சான். உங்கள் பாடைக்கு முன்னால் நின்றபோது என் மகன் பாடைதான் எனக்குத் தெரிந்தது. பதினேழு வருஷம் உங்கள் பக்கத்தில் உட்கார்ந்து, உங்கள் வெற்றிலையை மென்று, உங்கள் கூட்டை எண்ணிக்கொண்டே அதை உள்ளே வைத்திருந்திருக்கிறேன். எனக்கே தெரியாமல்தான் வைத்திருந்தேன். அந்த ஒரு சொல் வாயிலிருந்து வந்தபோது தெரிந்துவிட்டது. திரியில் நெருப்பு ஓடுகிற நேரம் இருந்தது. அப்போதுகூடக் காலால் மிதித்திருக்கலாம். நான் மிதிக்கவில்லை.

சரம் வெடித்தது. கண்மாய் முழுக்க ஒரே வீச்சில் எழுந்தது. ஒரு பெரிய ஜமக்காளத்தை முனை பிடித்து உதறியது போலச் சத்தம். கொஞ்ச நேரம் தெருவில் வெயில் இல்லை. திருப்பூர் பையன்கள் அண்ணாந்து பார்த்து அதிசயப்பட்டார்கள். நம் ஊர்க்காரர்கள் யாரும் அண்ணாந்து பார்க்கவில்லை.

இரண்டு நாள் சுற்றின. பருந்தும் காக்காயும் கூட்டுக்கு வந்துவிட்டன. மூன்றாம் நாள் சுற்றவும் இல்லை. மரத்தடியில் தண்ணீரில் விழுந்து கிடந்த குஞ்சுகளில் உயிர் இருந்தவற்றைச் சொளகில் எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். பதினொன்று. உங்கள் தங்கை அயிரை மீனை நசுக்கி ஊட்டிப் பார்த்தாள். அவை வாயைத் திறந்தன, விழுங்கவில்லை. ஒவ்வொன்றாக அடங்கின. கடைசிக் குஞ்சைக் கையில் வைத்துக்கொண்டுதான் அவள் அதைச் சொன்னாள். அழவில்லை, சத்தம் போடவில்லை.

“எங்கண்ணன் சாவுக்கு நீங்க போட்ட வெடி எம்மகனுக்குப் போட்டது. அவன் கேட்டானா உங்ககிட்ட?”

அதன் பிறகு அவள் இதைப் பற்றிப் பேசியதில்லை. கரைக்கும் வந்ததில்லை.

மறு வருஷம் கருவேலம் பூத்தது. பூ கொட்டியது. மழை வந்தது. எட்டாம் நாள் நத்தை வந்தது. ஒன்பதாம் நாள், பத்தாம் நாள், இருபதாம் நாள் என்று நான் கரையில் உட்கார்ந்திருந்தேன். நத்தைகள் கரையேறி, வரப்பேறி, நாற்றைத் தின்றன. தின்பதற்கு யாரும் இல்லாமல் அவை அவ்வளவு பெரிதாக வளரும் என்று எனக்குத் தெரியாது. கால் வைக்கும் இடமெல்லாம் ஓடு நொறுங்கியது. நீங்கள் சொன்ன வரிசையில் மற்றதெல்லாம் அதது நேரத்துக்கு வந்துவிட்டது. ஒன்று மட்டும் இல்லை. அந்த ஒன்று இல்லாமலும் மழை பெய்கிறது, நத்தை பிறக்கிறது, பூப் பூக்கிறது. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. எல்லாம் நின்று போயிருந்தால்கூட அழுது தீர்த்திருப்பேன்.

டீச்சரிடம் பேச்சுவாக்கில் கேட்டேன். அதற்கு எத்தனையோ காரணம் இருக்கும் தாத்தா, வேற ஊர் கண்மாய் நிறைஞ்சிருக்கும், அங்க போயிருக்கும் என்றார். நல்ல பெண். என்னைத் தேற்றத்தான் சொன்னார். அன்று சிலேட்டில் ஒரு வரிகூடச் சரியாக எழுதவில்லை.

இந்த ஐப்பசியில் பிள்ளையார் கோயில் முன்னால் ஊர்க் கூட்டம் போட்டார்கள். இரண்டு வருஷமாகப் பறவை இல்லை, இனி எதற்காகத் தீபாவளியைச் சித்திரைக்குத் தள்ள வேண்டும் என்று இளவட்டங்கள் கேட்டார்கள். பிள்ளைகள் பக்கத்து ஊருக்குப் போய் வேடிக்கை பார்த்துவிட்டு வருகிறார்கள் என்றும் சொன்னார்கள். அவர்கள் கேட்டதில் தப்பு இல்லை. நான் எழுந்தேன். ஒரு வருஷம் பொறுங்கள் என்று சொல்லத்தான் எழுந்தேன். உங்கள் பங்காளி பேரன் மரியாதையாகத்தான் பேசினான். “தாத்தா, மொத வெடிக்குச் சரின்னது நீங்கதானே. இப்ப நீங்களே வேணாம்னா எப்படி?”

நான் உட்கார்ந்துவிட்டேன். என் பக்கத்தில் இருந்தவர் கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டார். உட்கார இடம் தேவைப்பட்டதால்தான் நகர்ந்தார் என்று வைத்துக்கொள்கிறேன்.

இதுவரை எழுதி முடித்து, இந்த மடலை இங்கேயே நிறுத்திவிடலாம் என்று இருந்தேன். நேற்றுச் சாயங்காலம் உங்கள் தங்கை வந்து எதிரில் உட்கார்ந்தாள். மடியில் மொச்சைக்காய். இருபது நாளா என்னத்த எழுதுறீக என்று கேட்டாள். உங்க அண்ணனுக்கு என்றேன். உரித்துக்கொண்டே, வாசிங்க என்றாள்.

வாசித்தேன். எழுதுவதைவிட அது கஷ்டமாக இருந்தது. சாக்கில் எழுதியிருந்ததை வாசித்தபோது சிரித்தாள். உங்கள் காலி டிபன் வாளிப் பேச்சுக்கும் சிரித்தாள். மகன் வந்த இடத்தில் மொச்சை உரிப்பதை நிறுத்தினாள். அது பாசம் இல்லை என்று எழுதிய இடத்தில் எனக்கு வாய் வரவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன். மறுபடி போட்டேன். எழுத்துகள் தெரிந்தன. வாய்தான் வரவில்லை.

“அது எனக்குத் தெரியும்” என்றாள். “மேல வாசிங்க.”

கடைசி வரை வாசித்தேன். அவள் மொச்சைத் தோலைச் சொளகில் கூட்டி எடுத்தாள். எழுந்தவள் நின்று, தீபாவளி அன்னைக்கு வந்ததை எழுதலையா என்று கேட்டாள். அவளும் பார்த்திருக்கிறாள். கரைக்கு வரவில்லை, மாடியிலிருந்து பார்த்திருக்கிறாள். இரண்டு வருஷமாகத் தினமும் மாடியில் நின்று பார்த்திருக்கிறாள். எனக்குத் தெரியாது. உங்களுக்கு வேண்டாம் என்று நான் அதை விட்டிருந்தேன். “எழுதுங்க. அண்ணனுக்கு அதைச் சொல்லணும்” என்றாள். எழுதுகிறேன்.

தீபாவளி அன்று விடியும் நேரத்தில், எண்ணெய் தேய்த்துக்கொள்ளாமல் கரைக்குப் போனேன். ஊர் இன்னும் வெடியை ஆரம்பிக்கவில்லை. மழை விட்டு மரமெல்லாம் சொட்டிக்கொண்டிருந்தது. வடக்கே இரண்டு புள்ளி தெரிந்தது. கொக்காக இருக்கும் என்று நினைத்தேன். கிட்ட வந்தபோது இறக்கையின் கறுப்பு ஓரம் தெரிந்தது. நத்தைகுத்தி, மச்சான். இரண்டு. கூட்டம் வருவதற்கு முன்னால் இரண்டு வந்து இடம் பார்த்துவிட்டுப் போகும், மூன்று சுற்றுச் சுற்றும், பிடித்திருந்தால் நாலாவது சுற்றில் இறங்கும் என்று நீங்கள் சொல்வீர்கள்.

முதல் சுற்று மரங்களுக்கு மேலே, உயரத்தில் சுற்றின. இரண்டாவது சுற்றில் தாழ்ந்தன. ஊருக்குள் ஓடிப்போய்ச் சொல்லலாம் என்றால் நான் ஓடி முடிப்பதற்குள் வெடி ஆரம்பித்துவிடும். சொன்னாலும் யார் நம்புவார்கள்? இரண்டு கையையும் விரித்துக்கொண்டு ஊர்ப் பக்கம் திரும்பி நின்றேன். எதிரே யாரும் இல்லை. நீங்கள் அன்றைக்கு நின்றீர்களே, அப்படி. மூன்றாவது சுற்றில் கால்களைக் கீழே தொங்கவிட்டன. இறங்கப்போகும்போதுதான் அப்படித் தொங்கவிடும்.

பள்ளிக்கூடத் தெருவில் முதல் சரம் வெடித்தது. பிள்ளைகள் ஓவென்று கத்துகிற சத்தமும் கூடவே வந்தது. சந்தோஷமான சத்தம்தான்.

கால்களை மடக்கிக்கொண்டன. அவசரப்படவில்லை. தெற்கே போயின. கண்ணுக்குத் தெரிகிற வரைக்கும் பார்த்தேன், தெரியாமல் போன பிறகும் பார்த்தேன். விடிந்து, வெயில் ஏறி, வெடிக் காகிதம் காற்றில் வந்து தண்ணீரில் ஒட்டும் வரைக்கும் அண்ணாந்தபடியே நின்றிருந்தேன். அன்றைக்குப் பிடித்த கழுத்து இன்னும் விடவில்லை. உங்கள் தங்கை தினமும் விளக்கெண்ணெய் சுடவைத்துத் தடவிவிடுகிறாள்.